கோட்டை மதிலிலிருந்து அடுப்படி வரை

சான் மாலோவுக்குப் போகிறவர்கள் கடலைப் பார்க்கத்தான் போகிறார்கள். பாரிஸ் மோன்பர்னாஸ் நிலையத்தில் அதிவேக ரயில் ஏறினால் இரண்டரை மணி நேரத்துக்குள் பிரிட்டனி கரை வந்துவிடுகிறது. ஐரோப்பாவின் மிகப் பெரிய ஓதங்களில் ஒன்று இங்கே. ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் இடையே நீர்மட்டம் 12 மீட்டர்கூட மாறும் என்பதால், காலையில் மணலில் நடந்துபோன தீவு மதியத்தில் தண்ணீருக்கு நடுவே தனித்து நிற்கும். ஊரைச் சுற்றிக் கருங்கல் மதில். அதன்மேல் நடைபாதை. நிதானமாக நடந்தாலும் ஒரு மணி நேரத்தில் ஒரு சுற்று வந்துவிடலாம். உட்பக்கம் சாம்பல் நிறக் கல்வீடுகள், செங்குத்தான கூரைகள், உயர்ந்த புகைபோக்கிகள். பழைய கடலோடிகள் காலத்து வீடுகள் என்று சொன்னால் யாரும் நம்புவார்கள்.

அவற்றில் பெரும்பாலானவை 1948-க்கும் 1960-க்கும் இடையில் எழுந்தவை. இரண்டாம் உலகப் போரில், 1944 ஆகஸ்டில், மதிலுக்குள் இருந்த ஊரில் ஏறக்குறைய 80 சதவீதம் எரிந்தும் இடிந்தும் போனது. மீந்த கல்லை வைத்துப் பழைய சாயலிலேயே திரும்பக் கட்டியிருக்கிறார்கள். கட்டியவர்களின் திறமைக்கு வணக்கம் சொல்ல வேண்டும். ஆனால் நான் தேடிப் போனது அந்த ஆகஸ்டை. அதை இவ்வளவு நேர்த்தியாக அழித்துவிட்டார்களே என்று கொஞ்சம் கோபமும் வந்தது. கையில் லீ மில்லர் எடுத்த புகைப்படங்களின் நகல்கள் இருந்தன. படத்தில் மேற்கூரை இல்லாத தெரு; எதிரே கிரேப் விற்கும் கடைகளின் வரிசை. படத்தில் புகைமண்டலம், எதிரே குழந்தைகள் பட்டம் விட்டுக்கொண்டிருந்தார்கள்.

லீ மில்லர் அங்கே வந்தபோது அவருக்கு வயது 37. அமெரிக்கர். பிரிட்டிஷ் 'வோக்' இதழின் போர்ச் செய்தியாளர். வோக் என்பது தொப்பி, கையுறை, வாசனைத் திரவியம், மேட்டுக்குடிக் கல்யாணம் இவற்றைப் பற்றி எழுதும் பத்திரிகை. நம் ஊர்ப் பெண்கள் இதழ் ஒன்றில் மார்கழிக் கோலங்களுக்கும் வடாம் குறிப்புகளுக்கும் நடுவே போர்முனைக் கட்டுரை வந்தால் எப்படி இருக்கும், அப்படித்தான். அப்போது ஆசிரியராக இருந்த ஆட்ரி விதர்ஸ் அந்தப் பொருத்தமின்மையைப் பற்றிக் கவலைப்படாதவர். வாசகிகளின் கணவர்களும் மகன்களும் சண்டையில் இருக்கும்போது பத்திரிகை மட்டும் பாவாடை மடிப்பைப் பற்றியே பேசிக்கொண்டிருக்க முடியாது என்று நினைத்தவர். அதற்குச் சில வாரங்கள் முன்புதான் நார்மண்டியின் கள மருத்துவமனைகளைப் பற்றி லீ எழுதி அனுப்பியிருந்தார். அந்த ஒரு வேலைக்காகத்தான் அவரை அனுப்பினார்கள். சான் மாலோ அதன்பின் தற்செயலாக நேர்ந்தது.

ஊர் விழுந்துவிட்டது என்று சொல்லித்தான் அமெரிக்க ராணுவம் அவரை அங்கே போகவிட்டது. சண்டை முடிந்த ஊரில் பொதுமக்களுக்கு ராணுவம் என்ன செய்கிறது என்று எழுத வேண்டும். பெண் செய்தியாளர்களுக்கு அனுமதி அவ்வளவுதான். போர்முனைக்குப் பெண்கள் போகக் கூடாது என்பது கண்டிப்பான விதி. மார்த்தா கெல்ஹார்ன் நார்மண்டிப் படையிறக்கத்தைப் பார்க்க மருத்துவமனைக் கப்பல் ஒன்றின் கழிப்பறையில் ஒளிந்துகொண்டு போக வேண்டியிருந்ததும் இதே விதியால்தான். லீக்கு அந்தச் சிரமம் இருக்கவில்லை. வந்து பார்த்தால் ஊர் விழவில்லை. கோட்டைக்குள் ஜெர்மன் கர்னல் ஃபான் ஆவ்லாக் தன் ஆட்களோடு சரணடைய மறுத்து உட்கார்ந்திருந்தார். அமெரிக்காவின் 83-ஆவது காலாட்படைப் பிரிவு அதைச் சுற்றி நின்று சுட்டுக்கொண்டிருந்தது. பக்கத்தில் வேறு எந்தப் புகைப்படக்காரரும் இல்லை.

அந்தக் கோட்டையை இப்போதும் பார்க்கலாம். மதிலூரை விட்டு இறங்கி, துறைமுகத்தைச் சுற்றிக்கொண்டு சான் செர்வான் பக்கம் போனால் அலெத் என்ற மேடு வருகிறது. ஜெர்மானியர்கள் சுரங்கப் பாதைகள் வெட்டிப் பலப்படுத்திய இடம். உள்ளே சிறிய அருங்காட்சியகம் ஒன்று. வெளியே, கண்காணிப்புக்காகத் தரையில் பதித்த தடித்த எஃகுக் கூண்டுகள் அப்படியே கிடக்கின்றன. குண்டுகள் மோதிய இடமெல்லாம் குழி. ஒரு குழியில் என் முட்டி முழுதாக அடங்கியது. ஊர் முழுக்கச் செப்பனிட்டவர்கள் இதை மட்டும் விட்டுவைத்திருக்கிறார்கள்.

கடலோர ஓட்டல் ஒன்றின் ஜன்னலிலிருந்து லீ இந்தக் கோட்டைமேல் விமானங்கள் குண்டு போடுவதைப் படமெடுத்தார். அவற்றில் சில படங்களைத் தணிக்கை அதிகாரிகள் பிடித்துவைத்துக்கொண்டார்கள். படத்தில் இருந்தது நாபாம். அப்போது அது வெளியே தெரியக் கூடாத ஆயுதம். என்ன எடுத்தோம் என்பது எடுத்தவருக்கே தெரிந்திருக்கவில்லை. பதுங்குகுழி ஒன்றில் ஒதுங்கியபோது தன் குதிகால் ஒரு துண்டான கையின்மேல் அழுந்தியதையும், அதை எடுத்துத் தெருவுக்கு வீசிவிட்டு இரத்தத்தில் வழுக்கி ஓடியதையும் அவர் எழுதியிருக்கிறார். ஆகஸ்ட் 17 அன்று கர்னல் சரணடைந்து வெளியே வந்தபோது முகத்தை மறைத்துக்கொண்டார். லீ விடாமல் எடுத்தார். பிறகு, போகக் கூடாத இடத்துக்குப் போன குற்றத்துக்காக அவரைக் கொஞ்ச நாள் காவலில் வைத்தார்கள். உட்கார்ந்து எழுத இடம் கிடைத்தது. அந்த எழுத்தை வோக் அக்டோபர் இதழில் வெளியிட்டது.

லீ மில்லர் என்றால் புகைப்படக்காரர் என்றுதான் எல்லோரும் சொல்கிறார்கள். என்னைக் கேட்டால் எழுத்தும் அதற்குச் சற்றும் குறைந்ததில்லை. அவர் வாக்கியங்கள் மூச்சிரைப்பவை. நகைச்சுவையும் அருவருப்பும் ஒரே வரியில் வரும். எழுதுவது அவருக்குப் பெரும் வாதை. கெடு நெருங்கும்வரை இழுத்தடித்து, திட்டி, அழுது, குடித்துத்தான் ஒவ்வொரு கட்டுரையையும் முடித்தார் என்று உடனிருந்தவர்கள் சொல்லியிருக்கிறார்கள். படித்தால் அந்தப் பாடு தெரிவதில்லை.

சான் மாலோவிலிருந்து பாரிஸ் திரும்பி, ரியூ காம்பாஞ் பிரீமியேர் தெருவுக்குப் போனேன். மோன்பர்னாஸ் நிலையத்திலிருந்து நடக்கும் தூரம். 31 பிஸ் எண் கொண்ட கட்டடத்தின் முகப்பு முழுக்கப் பீங்கான் ஓடுகள், ஓவியர்களுக்காகவே அமைத்த பெரிய கண்ணாடி ஜன்னல்கள். இங்கேதான் ஓவியரும் புகைப்படக் கலைஞருமான மேன் ரேயின் ஸ்டூடியோ இருந்தது. 1929-இல் 22 வயது லீ அவரைப் பிடித்து, நான்தான் உங்கள் புது மாணவி என்றார். மாணவர்களை எடுப்பதில்லை, நாளைக்குப் பியாரிட்ஸ் போகிறேன் என்றாராம் அவர். நானும்தான் என்று கூடவே கிளம்பிவிட்டார் லீ.

அதற்கு முன்பே அவர் முகம் அமெரிக்காவுக்குத் தெரிந்த முகம். 1907-இல் நியூயார்க் மாநிலத்தின் போகீப்ஸியில் பிறந்தவர். எஞ்சினியரான தந்தைக்குப் புகைப்படப் பித்து. மகளைச் சிறு வயது முதல் எடுத்துத் தள்ளினார். ஏழு வயதில், குடும்ப நண்பர்கள் வீட்டில் தங்கியிருந்தபோது, தெரிந்தவன் ஒருவனே அவளைச் சிதைத்தான். அதில் பால்வினை நோய் தொற்றி, வருடக்கணக்கில் வலி மிகுந்த சிகிச்சை நடந்தது. பிற்காலத்தில் தன் மகனிடம்கூட லீ இதைச் சொல்லவில்லை. இருபது வயதை நெருங்கும்போது மன்ஹாட்டன் சாலையில் கார் மோத இருந்தவரைப் பிடித்து இழுத்துக் காப்பாற்றியவர் வோக் இதழின் உரிமையாளர் காண்டே நாஸ்ட் என்ற கதை உண்டு. நடந்ததோ இல்லையோ, 1927 மார்ச் வோக் அட்டையில் லீயின் முகம் ஓவியமாக வந்தது. எட்வர்ட் ஸ்டைகன் எடுத்த அவர் படம் ஒன்று மாதவிலக்கு அணையாடை விளம்பரத்துக்குப் போனது. அந்தப் பொருளுக்கு உயிருள்ள பெண்ணின் புகைப்படத்தைப் போட்டது அதுவே முதல் தடவை என்பதால் பெரிய அமளி. அவரும் முதலில் கொதித்தார். பின்னர் அதைச் சொல்லிச் சிரித்தார்.

பாரிஸில் ஒரு நாள் இருட்டறையில் எலி ஒன்று காலில் ஏறி ஓட, லீ பதறி விளக்கைப் போட்டுவிட்டார். கழுவிக்கொண்டிருந்த நெகடிவ்களில் உருவங்களின் ஓரத்தில் கரிய கோடு விழுந்தது. மேன் ரேயின் முத்திரையாகப் பேசப்படும் அந்தச் சோலரைசேஷன் உத்தி அவர்கள் கைக்கு வந்தது இப்படித்தான் என்கிறார்கள். அக்காலப் படங்களில் எது அவர் எடுத்தது, எது இவர் எடுத்தது என்பதில் குழப்பம் உண்டு. மேன் ரே ஓவியம் தீட்டப் பொழுது வேண்டும் என்பதற்காக அவருக்கு வந்த ஃபேஷன் வேலைகளை லீயே எடுத்துக் கொடுத்தார். 1932-இல் லீ விட்டுவிட்டுப் போனபின், மேன் ரே ஒரு மெட்ரோனோமில் அவர் கண்ணின் படத்தை வெட்டி மாட்டிவைத்தார். அவர் உதடுகளை ஆகாயம் முழுக்க நீட்டி ஒரு பெரிய ஓவியம் வரைந்தார். கவிஞர் காக்தோ தன் திரைப்படத்தில் அவரைக் கைகளில்லாத சிலையாக்கினார். பின்னாளில் பிகாஸோவும் அவரை வரைந்தார், ஒன்றுக்கு மேற்பட்ட தடவை. ஒரு பெண்ணின் கண், உதடு, உடல் என்று ஆளுக்கொரு துண்டை எடுத்துக்கொண்ட கதை இது. கலை வரலாறு இதைக் காதல் கதையாக எழுதிவைத்திருக்கிறது. எனக்கு அப்படிப் படவில்லை.

1934-இல் எகிப்தியத் தொழிலதிபர் அஜிஸ் எலூயி பேயைக் கல்யாணம் செய்துகொண்டு லீ கெய்ரோ போனார். நல்ல மனிதர், வசதியான வாழ்க்கை, மூன்றே வருடத்தில் சலித்துவிட்டது. அந்தச் சலிப்பிலிருந்து ஒரு படம் பிறந்தது. 1937-இல் சீவா பாலைச்சோலைப் பக்கம் பயணம் போனபோது கொசுவலைத் திரை ஒன்றின் கிழிசல் வழியே பாலைவனத்தை எடுத்தார். வலையில் பெரிய ஓட்டை, அதற்கப்பால் ஒன்றுமில்லாத வெளி, மேலே தொங்கும் சிறு சட்டகம். எங்கே போவது என்று தெரியாத ஒருத்தியின் படம் அது. அந்தக் கோடையில் பாரிஸ் போனவர் ஆங்கிலேய ஓவியர் ரோலண்ட் பென்ரோஸைச் சந்தித்தார். 1939-இல் லண்டனுக்கு, அவரிடமே வந்து சேர்ந்தார். வந்த கையோடு போர் தொடங்கியது. அமெரிக்கத் தூதரகம் ஊர் திரும்பச் சொன்னது. லீ நகரவில்லை.

லண்டனில் அவர்கள் வாழ்ந்த வீடு ஹாம்ப்ஸ்டெட்டில், டவுன்ஷைர் ஹில் தெருவில் 21-ஆம் எண். வாசலில் நீல வட்டப் பலகை இருக்கிறது. பார்த்துவிட்டு வரலாம், வேறொன்றும் இல்லை. ஆனால் அந்தத் தெருவிலிருந்து கேம்டன் டவுன் வரை சரிவில் இறங்கி நடப்பது நல்லது. குண்டு விழுந்த லண்டனை லீ இந்தச் சுற்றுவட்டாரத்தில்தான் நிறைய எடுத்தார். கேம்டன் டவுனில் ஒரு கிறிஸ்தவ ஆலயம்: முகப்புத் தூண்கள் நிமிர்ந்து நிற்க, கதவு வழியே செங்கல் குவியல் வெளியே வழிந்துகொண்டிருக்கும். வழிபாடு முடிந்து கூட்டம் வெளியே வருவதுபோல. இன்னொரு படத்தில் நசுங்கிப்போன தட்டச்சுப் பொறி. அதன் விற்பனைப் பெயரில் 'சத்தமில்லாதது' என்று இருந்ததால் அந்தப் பெயரையே லீ படத்துக்கு வைத்தார். இனி உண்மையிலேயே சத்தமில்லை. 1941-இல் இந்தப் படங்கள் 'கிரிம் குளோரி' என்ற புத்தகமாக வந்தன.

பாரிஸில் சர்ரியலிஸ்டுகள் தையல் எந்திரத்தையும் குடையையும் ஒரே மேசைமேல் வைத்து அதிர்ச்சியை உண்டாக்கப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். லண்டனில் அந்த வேலையை ஜெர்மன் விமானப்படை இலவசமாகச் செய்துகொடுத்தது. பயிற்சி பெற்ற கண் ஒன்றுதான் தேவைப்பட்டது. போர் வந்ததும் லீ கலையை விட்டுச் செய்திக்கு மாறினார் என்று எழுதுகிறார்கள். அவர் எதையும் விடவில்லை. பாரிஸில் கற்றதை லண்டன் தெருவுக்குக் கொண்டுவந்தார், அவ்வளவுதான்.

பிரிட்டிஷ் ராணுவம் பெண் செய்தியாளர்களுக்குப் போர்க்கள அங்கீகாரம் தருவதாக இல்லை. வீட்டில் தங்கியிருந்த 'லைஃப்' இதழின் இளம் புகைப்படக்காரர் டேவிட் ஷெர்மன்தான், நீ அமெரிக்கக்காரிதானே, எங்கள் ராணுவத்திடம் கேளேன் என்றார். 1942 முடிவில் சீருடை வந்தது. அதன்பின் இருவரும் பெரும்பாலும் சேர்ந்தே போனார்கள். பாரிஸ் மீண்டதும் ஸ்க்ரீப் ஓட்டலில் தங்கினார்கள். அங்கே செய்தியாளர்கள் கூட்டம் நிரம்பி வழிந்தது. ஒரு ஃபிலிம் சுருளுக்குப் பன்னிரண்டு படம் தரும் ரோலைஃப்ளெக்ஸ், சிறிய ஹெர்மெஸ் தட்டச்சுப் பொறி, பெட்ரோலையும் மதுவையும் நிரப்பிய தகரக் கேன்கள். லீயின் குடித்தனம் இவ்வளவே. பிகாஸோவைத் தேடிப்போய்ப் பார்த்தார். நான் பார்த்த முதல் நேச நாட்டுச் சிப்பாய் நீதானா என்று பிகாஸோ கட்டிக்கொண்டாராம்.

மியூனிக்கில் எனக்கு இரண்டு இடங்கள் பார்க்க வேண்டியிருந்தன. லீ ஒரே நாளில் இரண்டையும் பார்த்தார்; நானும் அந்த வரிசையிலேயே போனேன்.

நகர ரயிலில் டக்காவ் கொஞ்ச நேரம்தான். நிலையத்திலிருந்து நினைவிடத்துக்குப் பேருந்து. டக்காவ் அழகான ஊர், அரண்மனையும் தோட்டமும் உண்டு. பேருந்து வீடுகளுக்கு நடுவே போய் நிற்கிறது. முகாம் ஊரைவிட்டு எங்கோ இருந்திருக்கும் என்று நினைத்திருந்தேன், இல்லை. 1933 மார்ச்சில் திறந்து, 12 வருடம் நடந்த முகாம். இரண்டு லட்சத்துக்கு மேற்பட்டவர்களை இங்கும் இதன் கிளை முகாம்களிலும் அடைத்திருந்தார்கள். குறைந்தது 41,500 பேர் செத்தார்கள். 1945 ஏப்ரல் 29 அன்று அமெரிக்கர்கள் உள்ளே நுழைந்தார்கள். மறுநாள் காலை லீயும் ஷெர்மனும் வந்தார்கள். அதற்குச் சில நாட்கள் முன்புதான் புக்கன்வால்டைப் பார்த்திருந்தார்கள்.

லீ எடுத்த படங்களில் ரயில் பெட்டி ஒன்று உண்டு. கேமராவைப் பெட்டிக்குள் வைத்து வெளியே நோக்கி எடுத்திருக்கிறார். முன்னால் பிணங்கள், கதவுக்கப்பால் இரண்டு அமெரிக்கச் சிப்பாய்கள் உள்ளே பார்த்துக்கொண்டு நிற்கிறார்கள். அதாவது, பிணங்களின் பக்கத்திலிருந்து உயிருள்ளவர்களைப் பார்க்கிறது படம். இதை எடுக்க அவர் அந்தப் பெட்டிக்குள் ஏறியிருக்க வேண்டும். இன்னொன்று, கால்வாய்த் தண்ணீரில் மிதக்கும் காவலன் ஒருவனின் உடல். வெயில் விழுந்த நீர், அசையும் புல், அமைதியான முகம். ஓவியம் போல இருக்கிறது என்று சொல்லத் தோன்றி, உடனே வாயை மூடிக்கொள்ள வைக்கும் படம். கால்வாய் இப்போதும் ஓடுகிறது. பள்ளி மாணவர்கள் கூட்டம் ஒன்று அதன் ஓரமாக ஆசிரியர் சொல்வதைக் குறிப்பெடுத்துக்கொண்டே போனது.

இவற்றை லண்டனுக்கு அனுப்பியபோது, இது உண்மை, தயவுசெய்து நம்புங்கள் என்று விதர்ஸுக்குத் தந்தி கொடுத்தார் லீ. அமெரிக்க வோக் ஜூன் இதழில், நம்பச் சொல்லும் தலைப்போடு படங்களைப் போட்டது. பிரிட்டிஷ் வோக் வெற்றிக் களிப்பில் இருந்தது. சிறியதாக ஒரு படத்தோடு நிறுத்திக்கொண்டது. நாபாம் படங்களைத் தடுத்தவர் தணிக்கை அதிகாரி. இங்கே தடுத்தது வாசகர் மனம் நோகக் கூடாது என்ற நல்லெண்ணம். லீக்கு இரண்டாவதுதான் அதிகம் வலித்திருக்கும் என்று நினைக்கிறேன்.

டக்காவைப் பார்த்த அன்று மாலையே லீயும் ஷெர்மனும் மியூனிக் போனார்கள். பிரின்ஸ்ரீகென்டன்பிளாட்ஸ் சுரங்க ரயில் நிலையத்தில் ஏறி வெளியே வந்தால், எதிரே நாடக அரங்கு. சதுக்கத்தின் மூலையில் 16-ஆம் எண் கட்டடம். 1929 முதல் ஹிட்லரின் வீடு. 1938 செப்டம்பர் 30 அன்று சேம்பர்லேன் இந்த வீட்டில்தான் அவரிடம் அந்தச் சமாதானத் தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டு சந்தோஷமாக லண்டன் திரும்பினார். இப்போது காவல்துறை அலுவலகம். உள்ளே விடமாட்டார்கள், பலகை எதுவும் இல்லை. யாத்திரைத் தலமாக ஆகிவிடக் கூடாது என்று நினைத்திருப்பார்கள், நியாயம்தான். எதிர்ப்பக்கம் நின்று பார்த்துவிட்டு வந்தேன். போலீஸ்காரர் ஒருவர் சைக்கிளைப் பூட்டிக்கொண்டிருந்தார்.

உலகத்துக்குத் தெரிந்த லீ மில்லர் படம் இங்கே எடுத்தது, எடுத்தவர் ஷெர்மன். ஹிட்லரின் குளியல் தொட்டியில் லீ உட்கார்ந்து தோளைத் தேய்க்கிறார். தொட்டி விளிம்பில் ஹிட்லரின் படம், மேசைமேல் பெண் சிலை, கீழே வெள்ளைக் கால்மிதியில் அவருடைய பூட்ஸ். டக்காவ் மண் அதில் அப்படியே இருக்கிறது. கால்மிதியில் வேண்டுமென்றே தேய்த்திருக்கிறார். பின்னால் குளியல் குழாய் தொங்குகிறது. காலையில் அவர்கள் பார்த்த முகாமில், குளியலறை என்று பெயரிட்ட நச்சுவாயு அறை இருந்தது. அதே நாளில் பெர்லினில் ஹிட்லர் தற்கொலை செய்துகொண்டார். அந்தச் செய்தி இவர்களுக்கு அப்போது தெரியாது. பிறகு இடம் மாறி, அதே தொட்டியில் ஷெர்மனை லீ எடுத்தார். ஷெர்மன் யூதர். அந்தப் படத்தை யாரும் அவ்வளவாக அச்சிடுவதில்லை. எனக்கு அதுதான் கூடுதல் கனமாகத் தெரிகிறது. குளிக்கும் அழகி என்ற கவர்ச்சியில் தொட்டிப் படம் லீயின் மற்றப் படங்களை விழுங்கிவிட்டது. வாழ்நாள் முழுக்கப் பிறர் கேமராவுக்கு முன்னால் இருந்தவர், தானே பார்ப்பவராக மாறிய வருடத்திலும், பார்க்கப்பட்ட படத்தாலேயே நினைக்கப்படுகிறார்.

போர் முடிந்தது. லீ வீடு திரும்பவில்லை. வியன்னாவில் மருந்தில்லாத குழந்தைகள் மருத்துவமனையில் குழந்தை ஒன்று சாவதை நின்று பார்த்து எழுதினார். அந்த ஊரிலேயே எரிந்துபோன ஆபெரா அரங்கின் இடிபாட்டில் பாடகி ஒருவரை நிழலுருவாக எடுத்தார். 1946 ஜனவரியில் புடாபெஸ்டில் ஹங்கேரியின் முன்னாள் பிரதமர் பார்டோஸியைச் சுட்டுக் கொன்றதைப் படமெடுத்தார். ருமேனியாவில் முதுகு வலிக்குக் கரடியை மிதிக்கவிட்டுக்கொண்டார். இதற்கெல்லாம் பத்திரிகையில் இடம் குறைந்துகொண்டே வந்தது. கடைசியில், கையில் காசில்லாமல் லண்டன் வந்து சேர்ந்தார்.

லண்டன் விக்டோரியாவில் ஏறி ஒரு மணி நேரத்தில் லூயிஸ். அங்கிருந்து டாக்சி. சிடிங்லி கிராமத்துத் தேவாலயத்தின் கல் கூம்பு தெரிந்ததும் மடில்ஸ் கிரீன் வந்துவிடுகிறது. 1949-இல் பென்ரோஸ் இங்கே பண்ணையோடு வீடு வாங்கினார். ஃபார்லி பண்ணை. செங்கல் வீடு, முன்னால் புல்வெளி, அதில் சிற்பங்கள், தூரத்தில் சவுத் டவுன்ஸ் குன்றுகள். குன்றின் சரிவில், இரு கைகளிலும் தடி பிடித்த, சுண்ணாம்புக் கோட்டு மனிதன் ஒருவனின் பிரம்மாண்ட உருவம் உண்டு. பென்ரோஸ் அவனைத் தன் சாப்பாட்டு அறைக் கணப்படுப்புக்கு மேலும் வரைந்துவைத்திருக்கிறார்.

வழிகாட்டியாக வந்த அம்மையார் ஒரு சிறு குழுவாக எங்களை அழைத்துப் போனார். சுவரெல்லாம் ஓவியங்கள். எங்கள் குழுவில் பாதிப் பேர் கேட் வின்ஸ்லெட் நடித்த 'லீ' படத்தைப் பார்த்துவிட்டு வந்தவர்கள். "அந்த பூட்ஸ் இங்கே இருக்கிறதா?" என்று ஒருவர் கேட்டார். வழிகாட்டி சிரித்துவிட்டு, "முதலில் அடுப்பைப் பாருங்கள், அம்மா," என்று சமையலறைக்குள் கூட்டிப் போனார்.

பெரிய 'ஆகா' வகை அடுப்பு. அதற்குப் பின்னால் சுவரில் பதித்த ஓடு ஒன்று, பிகாஸோ வரைந்தது. எண்ணெய்ப் புகைக்கும் நீராவிக்கும் நடுவே பிகாஸோ! அவரும் 1950-இல் இங்கே வந்திருக்கிறார். லீயின் மகன், சிறுவன் ஆண்டனி, விளையாட்டு முற்றி அவரைக் கடித்ததும், அவர் திரும்பக் கடித்ததும் இந்த வீட்டின் புகழ்பெற்ற கதை. விருந்தாளிகள் சும்மா உட்காரக் கூடாது என்பது லீயின் சட்டம். 1953-இல் வோக் இதழுக்கு அவர் கடைசியாகக் கொடுத்த கட்டுரையே அதுதான்: நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தின் ஆல்ஃப்ரெட் பார் பன்றிக்குத் தீனி போடுகிறார், ஓவியர் ஸ்டைன்பெர்க் தோட்டக் குழாயோடு மல்லுக்கட்டுகிறார். வீட்டுக்காரி மட்டும் படுத்துத் தூங்குகிறார்.

அதோடு கேமராவை ஏறக்குறைய மூடிவைத்துவிட்டார். 1947-இல் நாற்பது வயதில் பிறந்த மகனோடு ஒட்ட முடியவில்லை. தூக்கமில்லை, குடி, கோபம். போரில் பார்த்தது உள்ளே இருந்து அரித்தது. அதற்கு அந்தக் காலத்தில் வைத்தியமும் இல்லை, அனுதாபமும் இல்லை. பழைய படங்களைப் பற்றி யாராவது கேட்டால் அவை ஒன்றுமில்லை என்று பேச்சை மாற்றினார்.

பிறகு சமையலுக்கு வந்தார். கார்டன் ப்ளூ பள்ளியில் முறையாகக் கற்றுக்கொண்டார். 2,000-க்கு மேற்பட்ட சமையல் புத்தகங்கள் சேர்த்தார். ஓவியர் மீரோவின் நினைவாக நீல நிற மீன், இளஞ்சிவப்பு நிறத்தில் பெண்ணின் மார்பு போன்ற காலிஃபிளவர், பச்சைக் கோழி. நார்வேக்காரர்கள் நடத்திய திறந்த சாண்ட்விச் போட்டியில் பரிசு வாங்கி அந்த ஊருக்கே போய்வந்தார். விமர்சகர் சிரில் கானலி, அமெரிக்கச் சாப்பாடென்றால் மார்ஷ்மெல்லோவும் கோகோ கோலாவும்தானே என்று கிண்டலடித்ததும், அவ்விரண்டையும் கொண்டே இனிப்பு செய்து அவருக்கே பரிமாறினாராம். விருந்தாளிகளுக்கு மதுவை ஹிட்லர் வீட்டிலிருந்து எடுத்துவந்த, ஏ.ஹெச். என்று பொறித்த தட்டில் கொடுத்தார். வாழ்க்கை வரலாறுகளில் இந்தப் பகுதி ஒரு வீழ்ச்சியாக வருகிறது: மேதை அடுப்படிக்குள் அடங்கிப்போனாள் என்ற தொனியில். அந்தச் சமையலறையில் நின்றபோது எனக்கு அது பிடிக்கவில்லை. ஏழெட்டு வருடத்துக் குடியிலிருந்து அவரை வெளியே இழுத்தது இந்த அடுப்புதான். பாரிஸில் கண்ணுக்குச் செய்ததை இங்கே நாக்குக்குச் செய்தார். ஓய்வு பெற்ற ராணுவத் தளபதி ரோஜாத் தோட்டம் போட்டால் அதை வீழ்ச்சி என்று யாரும் எழுதுவதில்லை.

லீ 1977 ஜூலை 21 அன்று இந்த வீட்டில் புற்றுநோயால் இறந்தார். சாம்பலைச் சமையலுக்கான மூலிகைத் தோட்டத்தில் தூவினார்கள். அதன்பின் ஆண்டனியின் மனைவி, கணவரின் குழந்தைப் பருவப் படங்கள் ஏதாவது கிடைக்குமா என்று பரணில் ஏறித் தேடினார். அட்டைப்பெட்டிகள் வந்தன. ஏறக்குறைய 60,000 நெகடிவ்கள், அச்சுப் படங்கள், கையெழுத்துப் பிரதிகள். முதலில் கைக்கு வந்தவற்றுள் சான் மாலோ முற்றுகைக் கட்டுரையும் ஒன்று. தன் அம்மா ஒரு குடிகாரி என்று மட்டும் நினைத்து வளர்ந்த ஆண்டனிக்கு அப்போது வயது முப்பது. 1985-இல் அம்மாவின் வாழ்க்கையை எழுதினார். அந்தப் பெட்டிகள்தான் இன்றைய லீ மில்லர் ஆவணக் காப்பகம். 2025 அக்டோபரில் லண்டன் டேட் பிரிட்டனில் திறந்த மிகப் பெரிய கண்காட்சிக்கும் மூலம் அதுவே.

சுற்று முடிந்து கடைக்குள் விட்டார்கள். போர்ப் படத் தொகுப்பு ஒரு பக்கம், பேத்தி ஆமி தொகுத்த சமையல் புத்தகம் ஒரு பக்கம். பூட்ஸைக் கேட்ட அம்மாள் இரண்டையும் மாறி மாறிப் புரட்டிவிட்டு, விலையைப் பார்த்து, சமையல் புத்தகத்தை எடுத்துக்கொண்டார். "கோழிக்குப் பச்சை நிறம் எதனால் வருகிறது?" என்று அவர் கேட்டதற்கு, கல்லாவில் இருந்த பெண், "முக்கால்வாசி செலரியும் வெங்காயத்தாளும் பார்ஸ்லியும்தான்," என்றார்.